மாமி என்று கூப்பிட்டவள்

கொழும்பில் வீடு எரிந்து, ஒரு பள்ளிக்கூடத்தில் பன்னிரண்டு நாள் அகதியாகக் கிடந்து, கப்பலில் காங்கேசன்துறைக்கு வந்து இறங்கிய சனத்தோடு சனமாகப் பாடகி ஞானாம்பிகையும் வந்தாள். கூட அவளுடைய கணவர், வயலின் வித்துவான் சிவசுப்பிரமணியம். எண்பத்து மூன்றாம் ஆண்டு ஆவணி மாதம் அது. யாழ்ப்பாணத்தில் அந்த இரண்டு பேரையும் தெரியாத வீடு இல்லை. காலை வானொலியில் அவளுடைய குரலைக் கேட்டபடிதான் பல வீடுகளில் முற்றம் கூட்டினார்கள். கோயில் திருவிழாக்களில் ஒலிபெருக்கி கட்டியதும் முதலில் சுழல்வது அவளுடைய இசைத்தட்டு. துறைமுகத்தில் சாப்பாட்டுக்குப் பாண் பங்கிட்ட தொண்டர்கள் அவளை அடையாளம் கண்டு முன்னால் வரச் சொன்னார்கள். அவள் வரவில்லை. வரிசையிலேயே நின்று வாங்கினாள்.

சிவசுப்பிரமணியத்தின் தகப்பன் வழி வீடு நீர்வேலியில், வாழைத் தோட்டங்களுக்கு நடுவில் இருந்தது. அங்கே வந்து சேர்ந்த மூன்றாம் நாள், பார்க்க வருகிறவர்களுக்குக் கதவைச் சாத்திவிட்டு, ஒரு வாடகைக் கார் பிடித்து இருவரும் கொழும்புத்துறைக்குப் போனார்கள். கடற்கரையோரம், மீன்பிடிக்கிற பேதுருவின் வீட்டு வாசலில் கார் நின்றது.

முற்றத்தில் கருவாடு காய்ந்துகொண்டிருந்தது. காகம் தூக்காமல் காவலுக்கு இருந்த ஒன்பது வயதுச் சிறுமி எழுந்து வந்தாள்.

"லூர்த்தம்மா அக்கா நிக்கிறாவோ?" என்று ஞானாம்பிகை கேட்டாள்.

சிறுமி அவளுடைய வாயையே பார்த்தாள். பிறகு, "நீங்கள் ரேடியோவிலை பாடுற ஆளெல்லோ?" என்றாள். "கதைச்சாலும் பாடினமாதிரித்தான் கிடக்கு."

ஞானாம்பிகை சிரிக்கப் பார்த்தாள். முடியவில்லை. மணலில் அப்படியே முழங்காலில் இருந்து பிள்ளையைக் கட்டிக்கொண்டாள். சிறுமிக்கு என்ன செய்வது என்று தெரியவில்லை. சேலையில் மீன் செதில் பட்டுவிடக்கூடாதே என்று இரண்டு கைகளையும் அகல விரித்து வைத்துக்கொண்டு நின்றாள்.

குசினிக்குள் இருந்து ஓடி வந்த லூர்த்தம்மா நிலைமையைப் பார்த்ததும், "கப்பல்லை வந்த களை, அதுதான் அழுறா. ஓடிப்போய் மாமிக்குத் தண்ணி கொண்டா பிள்ளை" என்றாள்.

அந்த முறை அன்றைக்கு அப்படித்தான் வந்தது. ஞானாம்பிகை மாமி. சிவசுப்பிரமணியம் மாமா.

சிறுமியின் பெயர் மக்டலீன். அவள் பிறந்தது எழுபத்து நாலில், இதே வீட்டின் உள்ளறையில். ஞானாம்பிகைக்கு அப்போது இருபத்திரண்டு வயது. அவளுடைய தகப்பனார் கோயில்களில் புராணம் படித்துப் பயன் சொல்கிறவர். கனகலிங்கம் சட்டம்பியார் என்றால் பெரிய மரியாதை. சிவசுப்பிரமணியம் நாதஸ்வரக்காரர் குடும்பத்துப் பிள்ளை. அவளுடைய பாட்டுக்கு வயலின் வாசிக்க வரலாம், பந்தியில் சமமாக இருக்க முடியாது. இருவருக்கும் இடையில் நடந்தது தெரிந்தபோது வயிற்றில் ஆறு மாதமாகிவிட்டது. கனகலிங்கம் மகளை அடிக்கவில்லை, ஏசவில்லை. சாப்பிடாமல் படுத்துவிட்டார். தாய்தான் யாரையோ பிடித்து, ஊருக்குத் தெரியாமல், மருத்துவிச்சி லூர்த்தம்மாவிடம் மகளைக் கொண்டுவந்து விட்டாள்.

லூர்த்தம்மா ஊரில் பாதிப் பேருக்குப் பிள்ளைப்பேறு பார்த்தவள். அவளுக்கும் பேதுருவுக்கும் பிள்ளை இல்லை. குழந்தை பிறந்த பதினோராம் நாள் தாய் வந்து ஞானாம்பிகையைக் கூட்டிப் போனாள். குழந்தை அங்கேயே தங்கியது. பேதுருவும் லூர்த்தம்மாவும் அதைத் தங்கள் பிள்ளையாகவே பதிந்து, கோயிலில் ஞானஸ்நானம் கொடுத்தார்கள்.

இரண்டு வருடம் கழித்துக் கனகலிங்கம் கண்ணை மூடினார். அதற்குப் பிறகு அவள் யாரையும் கேட்கவில்லை. சிவசுப்பிரமணியத்தைக் கலியாணம் செய்துகொண்டு கொழும்புக்குப் போய்விட்டாள். சாதி மாறிக் கட்டியதையே ஊர் மெல்ல மெல்லத்தான் பொறுத்துக்கொண்டது. கலியாணத்துக்கு முதல் பிறந்த பிள்ளை என்று ஒன்றைக் கூட்டி வந்தால் கோயில் மேடை ஒன்றிலும் ஏற விடமாட்டார்கள் என்பது இருவருக்கும் தெரியும். இன்னும் ஒரு வருடம் போகட்டும் என்றார்கள். பிறகு இன்னொரு வருடம்.

எழுபத்து ஒன்பதில் சிவசுப்பிரமணியம் ஒரு பாட்டுக்கு மெட்டுப் போட்டார். என் மடி வெறுமையாய்க் கிடக்கிறதே, என் பிள்ளையைத் தா என்று முருகனிடம் ஒரு தாய் கேட்கிற பாட்டு. அதை அவள் வானொலியில் பாடியபோது ஒலிப்பதிவு செய்தவரே கண்ணைத் துடைத்தாராம். அதற்குப் பிறகு பத்திரிகைகளில் கல்லும் கரைந்தது என்றுதான் எழுதினார்கள். பிள்ளை இல்லாத பெண்கள் அவளுக்குக் கடிதம் போட்டார்கள். கோயில் வாசலில் காத்திருந்து அவளுடைய கையைப் பிடித்து அழுதார்கள். ஒரு பத்திரிகைக்காரர் வந்து, "அம்மாவுக்கும் பிள்ளைகள் இல்லையோ?" என்று கேட்டார். அவள் ஒன்றும் சொல்லாமல் கீழே பார்த்தாள். அவர் அதையே பதிலாக எடுத்துக்கொண்டு எழுதிவிட்டார். அதன் பிறகு ஞானாம்பிகை என்றால் குழந்தைப் பாக்கியம் இல்லாத பாடகி என்று ஆகிவிட்டது. உண்மையிலேயே அவளுக்கு அடுத்து ஒரு பிள்ளையும் தங்கவில்லை.

நீர்வேலிக்கு வந்த பிறகு மாதத்தில் ஒரு தடவையாவது இருவரும் கொழும்புத்துறைக்கு வந்து போனார்கள். மக்டலீனுக்கு அது பெருமையாக இருந்தது. ரேடியோ மாமி எங்கள் வீட்டுக்கு வருவா என்று பள்ளிக்கூடத்தில் சொன்னாள். ஒருவரும் நம்பவில்லை.

எண்பத்து ஆறில் ஒரு காலை, கடலில் நடந்த துப்பாக்கிச் சூட்டில் பேதுரு செத்துப்போனான். வள்ளம் வந்தது, அவனுடைய உடலும் வந்தது. அடுத்த மாதங்களில் கரையோரம் அடிக்கடி ஷெல் விழத் தொடங்கியது. பக்கத்து வீட்டுக் கூரை பிரிந்து போன மறுநாள், லூர்த்தம்மா மக்டலீனைக் கிணற்றடிக்குக் கூப்பிட்டு, தலைக்கு எண்ணெய் வைத்து, கதையைத் தொடங்கினாள்.

"உன்னை நான் பெறேல்லை" என்றாள். "உன்னைப் பெத்தது நீர்வேலி மாமி. மாமாதான் தகப்பன்."

மக்டலீனுக்குப் பன்னிரண்டு வயது. அவள் முதலில் கேட்டது, "அப்ப அப்பு ஆர்?" என்றுதான்.

"அப்பு அப்புதான். அதை ஆர் மாத்திறது?"

"ஏன் அவை என்னை வைச்சிருக்கேல்லை?"

"முதல் அவவின்ரை ஐயா விடேல்லை. பிறகு ஊருக்குப் பயம். பிறகு அந்தப் பேருக்குப் பயம். நான் சொல்லுறன் எண்டு கோவிக்காதை, அவ உன்னை வேண்டாமெண்டு விட்டிட்டுப் போகேல்லை. போகேக்கை அந்த வாசல் படலையைப் பிடிச்ச பிடி விடாமல் நிண்டவ. அவவின்ரை தாய்தான் விரல் விரலாக் கழட்டினது. நான் கண்ணாலை கண்டனான்." லூர்த்தம்மா எண்ணெய்க் கையைச் சேலையில் துடைத்தாள். "நீ இப்ப அங்கை போய் இரு. இங்கை இருந்தா உன்னையும் நான் பறிகொடுத்திடுவன்."

"நீங்களும் வாங்கோவன்."

"அப்புவைப் புதைச்ச சேமக்காலையை விட்டிட்டு நான் எங்கை வாறது? நீ போ. ஆனா ஒண்டு. அங்கை நீ மாமி எண்டுதான் கூப்பிடோணும். உனக்குத் தெரியுமெண்டு அவைக்கு நான் சொல்லுவன். வேறை ஒருத்தருக்கும் தெரியக்கூடாது."

அப்படித்தான் மக்டலீன் தன்னுடைய தாய் தகப்பனின் வீட்டுக்கு, தாய் தகப்பன் இல்லாத பிள்ளையாக வந்து சேர்ந்தாள்.

ஊர் மெச்சியது. பக்கத்து வீட்டுச் சிவக்கொழுந்து வேலியில் நின்றபடி எல்லோரும் கேட்கத்தக்கதாகச் சொன்னாள்: "பிள்ளை இல்லாட்டியும் என்ன மனசு பாருங்கோ! ஊர் பேர் தெரியாத பிள்ளை, அதுவும் வேதக்காரப் பிள்ளை. சொந்தப் பிள்ளையைக்கூட இப்பிடி ஆரும் வளர்க்கமாட்டினம்." ஞானாம்பிகை அந்த வார்த்தையைக் கேட்டதும் உள்ளே போய்விடுவாள். தன்னடக்கம் என்று அதற்கும் மெச்சினார்கள். பத்திரிகையில் படம் வந்தது. கலைஞர் தம்பதியர், தாங்கள் ஆதரித்து வளர்க்கும் அநாதைச் சிறுமியுடன். மக்டலீன் அந்தப் பக்கத்தை வெட்டி எடுத்துக் கொப்பிக்குள் வைத்தாள். மூன்று பேரும் சேர்ந்து இருக்கிற படம் வேறு ஒன்றும் இல்லை.

வீட்டில் அவளுக்கு ஒரு குறையும் இல்லை. மாமிதான் தலை இழுத்துப் பின்னிவிட்டாள். காய்ச்சல் வந்தால் பக்கத்திலேயே இருந்தாள். வீட்டில் மச்சம் சமைப்பதில்லை என்றாலும், பிள்ளை மீன் தின்று வளர்ந்தவள் என்று கிழமைக்கு ஒருநாள் வெளி அடுப்பில் சிவசுப்பிரமணியமே மீன் காய்ச்சினார். கையைத் தூர நீட்டி, முகத்தைத் திருப்பிக்கொண்டு அவர் மீன் கழுவுவதைப் பார்க்க அவளுக்குச் சிரிப்பு வரும். ஞாயிற்றுக்கிழமைகளில் அவர் அவளைச் சைக்கிளில் ஏற்றிக் கொழும்புத்துறைக் கோயிலுக்குக் கொண்டுபோவார். பூசை முடியும்வரை வெளியே வேப்பமரத்தடியில் நிற்பார். பிறகு லூர்த்தம்மா வீட்டில் விட்டுவிட்டுப் பின்னேரம் வந்து ஏற்றுவார். அவர் அதிகம் கதைக்கிறவர் இல்லை. ஆனால் எதிர்க்காற்றில் மூச்சு வாங்க மிதித்துக்கொண்டு ஒருநாள் சொன்னார்: "உனக்கு என்னிலை கோவம் இருக்குமெண்டு தெரியும் பிள்ளை. இருக்கட்டும். வைச்சிரு." அவள் பின்னால் இருந்து அவருடைய சட்டையைப் பிடித்துக்கொண்டாள்.

அவளுக்குப் பாட்டு வரவில்லை. சிவசுப்பிரமணியம் மூன்று மாதம் சரளி வரிசை சொல்லிக் கொடுத்துப் பார்த்தார். சுருதி எங்கேயோ, பிள்ளை எங்கேயோ. ஒருநாள் ஞானாம்பிகை சிரிப்பு அடக்க முடியாமல், "என்னட்டையிருந்து இவளுக்கு ஒண்டுமே வரேல்லையே!" என்றாள். சொன்னதும் வாயைப் பொத்திக்கொண்டு வாசலைப் பார்த்தாள். வாசலில் யாரும் இல்லை. மூன்று பேரும் ஒருவரை ஒருவர் பார்த்தார்கள். அந்த வீட்டில் அந்த உண்மை வாய்விட்டு வந்தது அன்றைக்குத்தான் முதல் தடவை.

தொண்ணூற்று இரண்டில் சண்டிலிப்பாயில் இருந்து அருந்ததி என்ற பெண் வந்தாள். இருபத்தெட்டு வயது இருக்கும். அந்த வெயிலில் அவ்வளவு தூரம் சைக்கிளில் வந்திருந்தாள். கலியாணம் முடித்து ஆறு வருடம், பிள்ளை இல்லை. மாமியார் வீட்டில் அவளுடைய புருசனுக்கு வேறு பெண் பார்க்கத் தொடங்கிவிட்டார்கள்.

"உங்கடை பாட்டுத்தான் அம்மா எனக்குத் துணை" என்று அவள் ஞானாம்பிகையின் கையைப் பிடித்தாள். "கரண்டு இல்லாட்டியும் சைக்கிள் டைனமோவிலை ரேப் ரெக்கோடர் போட்டுக் கேப்பன். இவ்வளவு பெரிய ஆள், எல்லாரும் கும்பிடுற ஆள், அவவுக்கும் என்னைப்போலதானே எண்டு நினைப்பன். அப்ப சாகோணும் எண்டு வாற எண்ணம் போயிடும். அந்தப் பாட்டை ஒருக்காப் பாடுவியளோ? எனக்காக."

தேத்தண்ணியோடு வந்த மக்டலீன் கதவடியில் நின்றாள். அவளுக்குப் பதினெட்டு வயது. ஞானாம்பிகை நிமிர்ந்து அவளைப் பார்த்தாள். பிறகு கண்ணை மூடிக்கொண்டு பாடினாள். இரண்டாவது அடியில் குரல் தட்டியது. அருந்ததி குனிந்து அழுதாள். போகும்போது, "உங்களுக்குத்தான் அம்மா இது விளங்கும்" என்று சொல்லிவிட்டுப் போனாள்.

அவளுடைய சைக்கிள் ஒழுங்கையால் போய் ரோட்டில் திரும்பும்வரை மக்டலீன் பொறுத்திருந்தாள்.

"ஏன் மாமி அவவை ஏமாத்தினனீங்கள்?"

ஞானாம்பிகை கதிரையில் சாய்ந்து கிடந்தாள். "பாட்டிலை பொய் இல்லை பிள்ளை. அவர் மெட்டுப் போட்டது உன்னை நினைச்சு. நான் பாடினதும் உன்னை நினைச்சு. சனம் அதை வேறை மாதிரி விளங்கிச்சுது. நான் வாய் திறக்கேல்லை. அவ்வளவுதான் நான் செய்தது."

"இப்ப திறக்கலாம்தானே?"

"பதினெட்டு வருஷத்துக்குப் பிறகோ? இந்தப் பிள்ளையைப்போல எத்தினை பேர் வந்து அழுதிட்டுப் போட்டினம். அவையெல்லாம் என்ன நினைப்பினம்?"

"நான் என்ன நினைக்கிறன் எண்டு நீங்கள் ஒருநாளும் கேக்கேல்லை."

மக்டலீன் தேத்தண்ணிக் கோப்பைகளை எடுத்துக்கொண்டு போய்க் கழுவினாள். திரும்பி வந்தபோதும் ஞானாம்பிகை அப்படியே கிடந்தாள். அதன் பிறகு அவள் அந்தப் பாட்டை எந்த மேடையிலும் பாடவில்லை. சண்டைக் காலத்துத் துக்கம் என்று சனம் நினைத்தது. ஆனால் வாயும் திறக்கவில்லை.

மக்டலீன் தாதிப் பயிற்சிக்குச் சேர்ந்தாள். காயம் கட்டுவதற்கு அவளுடைய கை நல்ல கை என்று பெயர் எடுத்தாள். அது லூர்த்தம்மாவிடம் இருந்து வந்த கை.

தொண்ணூற்று ஐந்து ஐப்பசி கடைசியில் எல்லோரும் இடம்பெயர வேண்டும் என்று ஒலிபெருக்கியில் சொல்லிக்கொண்டு போனார்கள். வலிகாமம் முழுவதும் தென்மராட்சிப் பக்கம் நடக்கத் தொடங்கியது. அன்று மக்டலீன் வீட்டில் நின்றாள். சிவசுப்பிரமணியத்துக்கு முட்டு. பத்து அடி நடந்தால் மூச்சு இழுக்கும். அவரைப் பார்த்தாள், சைக்கிளைப் பார்த்தாள்.

"அக்கா அங்கை தனியா" என்றாள் ஞானாம்பிகை. "நீ போய் அவவைக் கூட்டிக்கொண்டு வா. மாமாவை நான் கொண்டு போறன். கொடிகாமத்திலை ஏதாவது பள்ளிக்கூடத்திலை இருப்பம்."

"உங்களாலை ஏலுமோ?"

"ஏலும். அவவை விட்டிட்டு வந்தியெண்டா உன்னோடை நான் கதைக்கமாட்டன்."

மக்டலீன் சனம் வருகிற திசைக்கு எதிராகச் சைக்கிளை உருட்டிக்கொண்டு போனாள். லூர்த்தம்மா வீட்டைப் பூட்டமாட்டேன், அப்புவை விட்டு வரமாட்டேன் என்று அடம்பிடித்தாள். கையைப் பிடித்து இழுத்துத்தான் கூட்டி வர வேண்டியிருந்தது. நாவற்குழிப் பாலத்தை அவர்கள் கடந்தபோது மழை தொடங்கிவிட்டது. லூர்த்தம்மாவின் கால் வீங்கி நடக்க முடியாமல் போய், வழியில் ஒரு வீட்டு மாட்டுக் கொட்டிலில் ஒருநாள் தங்கினார்கள்.

ஞானாம்பிகையும் சிவசுப்பிரமணியமும் அவர்களுக்கு முன்பே கொடிகாமத்துப் பள்ளிக்கூடம் ஒன்றுக்கு வந்து சேர்ந்துவிட்டார்கள். முதல் நாள் மக்டலீன் வரவில்லை. இரண்டாம் நாளும் வரவில்லை. சந்தியில் ஒரு தொண்டர் காணாமல் போனவர்களின் பெயரை எழுதி ஒலிபெருக்கியில் வாசித்துக்கொண்டிருந்தார். ஞானாம்பிகை அவரிடம் போனாள்.

"மக்டலீன். நீர்வேலி. இருபத்தொரு வயது. கொழும்புத்துறைப் பக்கத்தாலை வரோணும்."

"உங்களுக்கு என்ன முறை?"

அவள் பழக்கதோசத்தில், "எங்கடை வீட்டிலை நிண்ட பிள்ளை" என்றாள்.

அவர் அந்தப் பெயரை இன்னொரு தாளில் எழுதினார். "குறை நினையாதேங்கோ அம்மா. தாய் தகப்பன் தேடுற பிள்ளையளைத்தான் முதல் வாசிக்கிறம். அதே முந்நூறுக்குமேலை கிடக்கு. மற்ற ஆக்களைப் பிறகு வாசிப்பம்."

அவள் திரும்பி வந்து சீமெந்துத் தரையில் இருந்தாள். வயலினைப் பொலித்தீன் பையால் சுற்றி மடியில் வைத்திருந்த சிவசுப்பிரமணியத்திடம் நடந்ததைச் சொன்னாள். அவர் எழுந்து, மூச்சு இழுக்க இழுக்கச் சந்திவரை நடந்து போனார். அந்தத் தொண்டரிடம், "அது என்ரை மகள். முதல் தாளிலை போடு தம்பி" என்று சொல்லிவிட்டு வந்தார். அவ்வளவு காலத்தில் அவர் அதை வெளியாருக்குச் சொன்னது அதுவே முதல் தடவை.

மூன்றாம் நாள் மத்தியானம் மக்டலீன் லூர்த்தம்மாவைச் சைக்கிளில் இருத்தி உருட்டியபடி பள்ளிக்கூட வாசலுக்கு வந்தாள். உடம்பெல்லாம் சேறு. ஞானாம்பிகை கத்தவோ ஓடவோ இல்லை. கிட்ட வந்து அவளுடைய முகத்தைத் தடவினாள், லூர்த்தம்மாவின் முகத்தைத் தடவினாள். லூர்த்தம்மாவின் வீங்கிய காலைப் பிடித்துப் பார்த்தாள். சுடுதண்ணி தேடிப் போய்விட்டாள்.

மறுநாள் காலை பள்ளிக்கூட மண்டபத்தில் பதிவு நடந்தது. அரசாங்கப் பதிவுகளைப் பார்க்கிற விதானையார் நமசிவாயம் ஒரு நீள வாங்கில் கொப்பியை விரித்துக்கொண்டு இருந்தார். நிவாரண அட்டைக்குக் குடும்பம் குடும்பமாகப் பெயர் கொடுக்க வேண்டும். ஞானாம்பிகையின் முறை வந்ததும் அவர் எழும்பியே விட்டார்.

"அம்மா, நீங்கள் ஏன் வரிசையிலை நிக்கிறியள்? சொல்லி அனுப்பியிருக்கலாமே." கேள்வி கேட்காமலே எழுதத் தொடங்கினார். "சிவசுப்பிரமணியம். மனைவி ஞானாம்பிகை. பிள்ளையள்..." அந்த இடத்தில் குரலைத் தாழ்த்தி, மரியாதையாக ஒரு கோடு போட்டார்.

"அதை வெட்டுங்கோ தம்பி."

"எதை அம்மா?"

"அந்தக் கோட்டை. எனக்கு ஒரு மகள் இருக்கிறாள்."

"ஓம் ஓம், நீங்கள் எடுத்து வளர்த்த பிள்ளை. அதையும் போடலாம்."

"எடுத்து வளர்க்கேல்லை." மேடையில் நின்று கடைசி வரிசைக்கும் கேட்கப் பாடிப் பழகிய குரல் அது. தாழ்த்திச் சொன்னாலும் மண்டபம் முழுக்கக் கேட்டது. "நான் பெத்த பிள்ளை. எழுபத்து நாலிலை. எங்கடை கலியாணத்துக்கு ரெண்டு வருஷம் முதல். பேர் மக்டலீன்."

வரிசை அப்படியே நின்றது. எங்கோ ஒரு குழந்தை மட்டும் அழுதுகொண்டிருந்தது. பக்கத்து வீட்டுச் சிவக்கொழுந்து வாயில் கையை வைத்துக்கொண்டு, "எனக்கெண்டாலும் ஒரு சொல்லுச் சொல்லியிருக்கலாமே" என்றாள். நமசிவாயம் பேனையைப் பிடித்தபடி ஞானாம்பிகையையும், பின்னால் நின்ற மக்டலீனையும் மாறி மாறிப் பார்த்தார்.

இந்த நேரத்தை மக்டலீன் சின்ன வயதில் எத்தனையோ தடவை நினைத்துப் பார்த்திருக்கிறாள். நினைவில் அவள் எப்போதும் ஓடிப்போய்க் கட்டிப்பிடிப்பாள். இப்போது அவளுக்குக் கால் நகரவில்லை. நெஞ்சுக்குள் சந்தோசம் வந்தது, அதோடு கூடவே ஒரு கோபமும் வந்தது. இவ்வளவு லேசான காரியத்துக்கா இருபத்தொரு வருடம்? பக்கத்தில் லூர்த்தம்மா தலையைக் குனிந்துகொண்டு நின்றாள். கொழும்புத்துறையில் இருந்து கொண்டுவந்த பழைய குடும்ப அட்டையைச் சேலைத் தலைப்பில் முடிந்து வைத்திருந்தாள். அதில் இருப்பது அவளுடையதும் மக்டலீனுடையதுமாக இரண்டே பெயர்கள். ஒன்றை எடுத்தால் அவள் தனி ஆள்.

மக்டலீன் முன்னால் வந்தாள்.

"அவ சொல்லுறது உண்மை ஐயா" என்றாள். "ஆனா என்ரை பேர் லூர்த்தம்மாவின்ரை அட்டையிலை கிடக்கு. அது அங்கையே கிடக்கட்டும்."

சொன்ன பிறகுதான் ஞானாம்பிகையைப் பார்க்கப் பயமாக இருந்தது. பார்த்தாள். ஞானாம்பிகை லூர்த்தம்மா பக்கம் திரும்பினாள். பிறகு தலையை ஆட்டினாள்.

"அதுதான் சரி" என்றாள் விதானையாரிடம். "அக்காவின்ரை அட்டையை வெட்டாதேங்கோ. என்ரை கோட்டை மட்டும் வெட்டி விடுங்கோ."

அன்று பின்னேரம் நான்கு பேரும் ஒரு வகுப்பறை மூலையில் இரண்டு பாயைச் சேர்த்துப் போட்டார்கள். மக்டலீன், "மாமி..." என்று தொடங்கி நிறுத்தினாள். வேறு சொல் வாயில் வரவில்லை.

"அப்பிடியே கூப்பிடு" என்றாள் ஞானாம்பிகை. "அம்மா எண்டு கூப்பிட இங்கை அக்கா இருக்கிறா. நான் சொன்னது நீ என்னைக் கூப்பிடோணும் எண்டதுக்கில்லை. நான் உன்னைக் கேட்டு அந்தச் சந்தியிலை நிண்டனான் பிள்ளை. என்ரை பிள்ளை எண்டு சொல்ல எனக்கு வாய் வரேல்லை. நீ செத்துப் போயிருந்தா, ஆரோ ஒரு பிள்ளை எண்டுதான் போயிருப்பாய்."

லூர்த்தம்மா மூக்கைச் சிந்தினாள். "காணும் தங்கச்சி, விடுங்கோ. பிள்ளை சாப்பிடட்டும்."

பள்ளிக்கூடத்தில் சனம் இரண்டாகப் பிரிந்தது. நேற்றுவரை அவளுக்குத் தண்ணீர் அள்ளிக் கொடுத்த ஒருத்தி பாயைத் தூக்கிக்கொண்டு அடுத்த அறைக்குப் போனாள். வேறு சிலர், இந்த நேரத்தில் அதெல்லாம் ஒரு கதையா என்றார்கள். எல்லாவற்றையும்விட ஞானாம்பிகைக்குப் பயம் ஒரே ஒரு ஆளில் இருந்தது. அருந்ததி அதே பள்ளிக்கூடத்தில், மேற்குப் பக்க மண்டபத்தில், தமக்கையின் குடும்பத்தோடு இருந்தாள். புருசன் வேறு கலியாணம் முடித்து மூன்று வருடமாகிவிட்டது.

நான்காம் நாள் அவள் கிணற்றடிக்கு வந்தாள். ஞானாம்பிகை உடுப்புத் தோய்த்துக்கொண்டிருந்தாள். மக்டலீன் தண்ணீர் அள்ளிக்கொண்டிருந்தாள்.

"அண்டைக்கு உங்கடை வீட்டிலை தேத்தண்ணி கொண்டந்து தந்தது இவதானே?" என்றாள் அருந்ததி.

"ஓம்."

"அந்த நேரமும் நீங்கள் எனக்குச் சொல்லேல்லை."

"சொல்லேல்லை பிள்ளை. அதுக்கு நான் என்ன சொன்னாலும் காணாது."

அருந்ததியின் கண் நிறைந்தது. "நான் உங்களை நம்பி இருந்தனான். உங்கடை பாட்டைக் கேட்டு எத்தினை நாள் எழும்பி நடந்தனான் தெரியுமோ? எனக்கு இப்ப அந்தப் பாட்டும் இல்லை." சத்தம் போடாமல்தான் சொன்னாள். தன்னுடைய வாளியைக் கீழே வைத்தாள். பிறகு, "எனக்கு இல்லாதது இல்லாததுதான். அழுதாலும் அழுதிட்டு எழும்பிப் போகலாம். பக்கத்திலை வைச்சுக்கொண்டு கூப்பிடாமல் இருந்தியளே, அதை என்னாலை தாங்கேலாது" என்றாள்.

மன்னித்ததாகச் சொல்லவில்லை. தன்னுடைய வாளியை நிரப்பிக்கொண்டு போனாள். அடுத்த நாள்களிலும் ஞானாம்பிகையைக் கண்டால் கதைக்கமாட்டாள். ஆனால் காய்ச்சல் கண்ட தமக்கையின் பிள்ளையைத் தூக்கிக்கொண்டு நேராக மக்டலீனிடம்தான் வந்தாள்.

காய்ச்சலும் வயிற்றோட்டமும் அந்தக் கார்த்திகை முழுக்க இருந்தது. பக்கத்து ஊரில் தற்காலிகமாகப் போட்ட ஆஸ்பத்திரியில் மக்டலீன் வேலைக்குப் போகத் தொடங்கினாள். காலை ஆறரைக்குச் சைக்கிளை எடுக்க வேண்டும். ஞானாம்பிகை அதற்கு முன்பே எழும்பி, மூன்று கல்லில் அடுப்பு மூட்டி, ரொட்டி சுட்டுவிடுவாள். சமையலில் அவள் கெட்டிக்காரி இல்லை. பாதி கருகியிருக்கும்.

மார்கழியில் ஒருநாள் காலை. மழை விட்டு விட்டுத் தூறியது. மக்டலீன் பிந்திவிட்டாள். பள்ளிக்கூட வாசலைத் தாண்டியபோது பின்னால் இருந்து அந்தக் குரல் கேட்டது.

"பிள்ளை! குடை எடுத்தனியோ?"

"இல்லை. பரவாயில்லை."

"நில். நனைஞ்சு காய்ச்சல் வந்தா ஆர் பாக்கிறது?" ஞானாம்பிகை சேலையைத் தூக்கிப் பிடித்துக்கொண்டு சேற்றுக்குள்ளால் வந்தாள். கையில் குடையும், ஒரு பொட்டலமும். "ரொட்டியும் எடுக்காமல் போறாய். எத்தினை மணிக்கு வருவாய்?"

"தெரியாது மாமி."

"தெரியாதெண்டா? நேற்றும் இருட்டினாப் பிறகுதான் வந்தனி. அஞ்சுக்குள்ளை வரப் பார். ரோட்டுக் கரையாலை போ. லொறியள் வருது."

வரிசையில் தண்ணீருக்கு நின்ற பெண்கள் எல்லோரும் பார்த்துக்கொண்டிருந்தார்கள். மக்டலீனுக்கு முகம் சூடாகியது. இருபத்தொரு வயதில், சின்னப் பிள்ளைக்குச் சொல்வதுபோல, ஊருக்கு முன்னால்.

"ஓம், ஓம், வாறன்! இப்ப என்னைப் போக விடுங்கோ!" என்று எரிந்து விழுந்தாள். குடையையும் பொட்டலத்தையும் பறித்துக் கைபிடியில் கொழுவி, மிதித்துக்கொண்டு போனாள்.

ஒரு கட்டை தூரம் போகும்வரை அந்த எரிச்சல் போகவில்லை. தன்னோடு வேலை செய்கிற பெட்டைகள் எல்லோரும் தங்கள் தாய்மாரைப் பற்றி நாள் முழுக்கக் குறை சொல்வார்கள். என்ன உடுத்தாலும் குற்றம், எங்கே போனாலும் கேள்வி. அவள் அதைக் கேட்டுக்கொண்டு பேசாமல் இருப்பாள். இன்றைக்குப் போய்த் தானும் சொல்லலாம் என்று அவளுக்குத் தோன்றியது. என்னவென்று தொடங்குவது என்று யோசித்துக்கொண்டே ரோட்டுக் கரையால் போனாள்.